கழுவி வைத்த பாட்டில்கள்

அத்தியாயம் 14

நாலு வாரமாக முகம் கொடுத்துப் பேசாத கணவர் விடியற்காலையில் எழுந்து டீ போட்டுக் கையில் கொடுத்தால், எந்தப் பெண்ணுக்கும் கொஞ்சம் சந்தேகம் வரவேண்டும். இந்த வீட்டு மூத்த மருமகள் பெரியவளுக்கு வரவில்லை. சந்தோஷம் அவள் கண்ணைக் கட்டிவிட்டது.

நேற்று பின்கட்டுக் குழாயடியில் நடந்ததுதான் போன அத்தியாயத்தில் தெரியுமே. வாளி நிரம்பும் சத்தத்தில் கொழுந்தன் அண்ணியின் காதில் போட்டானே, “நாளைக்கு விடியக்காலை அஞ்சே முக்கால்” என்று! அவன் முலாம் பூசும் தொழிற்சாலையில் பம்ப் ஆபரேட்டர். ஷிஃப்ட் முடியக் கால் மணி நேரம் இருக்கும்போது, சுத்தம் செய்யாத கழிவு நீரை தொழிற்சாலையின் கழிவுக் குழாய் வழியாக ஆற்றில் விடுவார்கள். திறப்பவனுக்குத்தானே நேரம் தெரியும்.

சொல்லிவிட்டு அவன் வேலைக்குப் போய்விட்டான். பெரியவள் திரும்பினால், எதிரே சின்னவள்! கொழுந்தனின் மனைவி. கல்யாணமாகி எட்டு மாதம்தான் ஆகிறது. எல்லாவற்றையும் கேட்டிருந்தாள். கத்தவில்லை. பெரியவளின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

“அக்கா, உங்க ஆறு உங்களுக்கு, என் புருஷன் எனக்கு. அவர் பேர் வெளிய வராதுன்னு சொல்லுங்க.”

“வராது” என்றாள் பெரியவள். “பேசப்போறது லேப் பேப்பர் மட்டும்தான். உன் வீட்டுக்காரர் பேரை யாரும் கேக்கவே போறதில்ல.”

அப்படித்தான் அவள் நம்பினாள்.

இன்றைக்கு மதியம் மூன்று மணிக்கு விசாரணை. தொழிற்சாலை இரண்டாவது குழாய் போட அனுமதி கேட்டிருக்கிறது. அந்தக் குழாய் வந்து விழப்போவது ஆறு வளைந்து நாணற்காட்டுக்குள் நுழையும் இடம். மீன்கள் முட்டையிடுவதும், நீர்நாய் குட்டி போடுவதும், ஆமைகள் ஏறிப் படுப்பதும் அங்கேதான். பகலெல்லாம் ஊருக்கு ரவிக்கை தைக்கும் பெரியவள், இரண்டு வருஷமாக ஞாயிற்றுக்கிழமை தவறாமல் அங்கே போய் உயிர்களை எண்ணுகிறாள். ஆற்றுப் பூச்சிகளை அரித்தெடுக்கும் வலைப்பைகளைத் தைத்ததும் அவள்தான். அவளோடு ஒன்பது பேர். நூற்றுப் பதினேழு வகை உயிர்கள் அவர்களுடைய நோட்டில் இருக்கின்றன. போன மாதத்திலிருந்து அந்த நோட்டில் எழுதுவதைவிட அடிப்பதுதான் அதிகமாகிவிட்டது.

செத்த மீனைக் கொண்டுபோய்க் காட்டினார்கள். படம் காட்டினார்கள். “எதனால செத்துச்சுன்னு லேப் பேப்பர் இருக்கா?” என்று விசாரணை அலுவலகத்தில் ஒரே கேள்வியில் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

அதற்காகத்தான் லேபிலிருந்து நாலு பாட்டில் வாங்கி வந்திருந்தாள். ஆறு வரும் திசையில் குழாய்க்கு மேலே ஒன்று, கீழே மூன்று.

“எல்லாம் பெட்டியில எடுத்து வெச்சுட்டேன். ஐஸும் போட்டாச்சு” என்றார் கணவர்.

‘வீட்டுக்குள்ள உன் ஆத்து வேலையைக் கொண்டு வராதே, என் தம்பி சோத்துல மண்ணைப் போடாதே’ என்று நாலு வாரம் முன்னால் கத்தியவர் இவர்தான். அப்பா போன பிறகு தம்பியைத் தோளில் தூக்கி வளர்த்தவர். ஆஸ்பத்திரியில் ஆபரேஷன் கத்திகளையும் கத்தரிகளையும் கழுவி, நீராவியில் வேகவைத்துக் கிருமி நீக்கித் தருவது அவருக்கு வேலை. இருபத்திரண்டு வருஷத்தில் ஒரு கத்தரியும் அழுக்கென்று திரும்பி வந்ததில்லை. வீட்டில்கூட, கழுவிய டம்ளரை மறுபடி கழுவித்தான் தண்ணீர் குடிப்பார்.

டீயை வாங்கும்போது அவர் விரல் நுனிகள் மஞ்சளாக இருப்பதைப் பார்த்தாள்.

“என்னங்க இது?”

“தெரியல. ஆஸ்பத்திரி மருந்து ஏதாவது பட்டிருக்கும். நீ கிளம்பு, நேரமாச்சு.”

அந்த நிமிஷம் இன்னொரு கேள்வி கேட்டிருக்கலாம். பாவி மனசு, கேட்கவில்லை.

*

வலைக்காரர் படகோடு காத்திருந்தார். ஆற்றையே பிழைப்பாகக் கொண்டவர், மூன்று வாரமாக வலை நனைக்காதவர்.

“வாங்க டெய்லரம்மா. இன்னிக்காவது மாட்டுவானுங்களா?”

“மாட்டணும்ணா.”

இருட்டு பிரியாத நேரம். குழாய்க்கு மேலே முதல் பாட்டிலை நிரப்பினாள். மூடியைத் திறக்கும்போது முகத்தைத் திருப்பிக்கொண்டாள். ‘பாட்டில் அடியில நாலு சொட்டு விட்டிருக்கோம். மோந்து பாக்காதீங்க, ஆத்துத் தண்ணில அலசாதீங்க, அப்படியே பிடிங்க’ என்று லேபில் படித்துப் படித்துச் சொல்லியிருந்தார்கள். அதனால் அவள் உள்ளே பார்க்கவே இல்லை. சொன்ன பேச்சைக் கேட்டதால் வந்த கேட்டை என்னவென்று சொல்வது!

அஞ்சே முக்கால். சொல்லி வைத்த மாதிரி குழாய் ஒருமுறை செருமியது. பிறகு கொட்டத் தொடங்கியது.

டார்ச் வெளிச்சத்தில் தண்ணீர் பச்சையாக இருந்தது. இலைப் பச்சை இல்லை, பழைய பித்தளையில் பிடிக்குமே, அந்தப் பச்சை. கரையோரச் சேற்றில் மட்டிச் சிப்பிகள் ஒவ்வொன்றாக வாய் பிளந்தன. ஒரு சிறிய ஆமை சேற்றிலிருந்து கழுத்தை நீட்டி, மூச்சுக்குத் தவித்து, பாதிக் கரை ஏறி நின்றுவிட்டது. வலைக்காரர் அதைத் துடுப்பால் ஏந்திப் படகில் போட்டார்.

“இதை எங்க கொண்டு போய் விடறது? மேல போய் விட்டா மறுபடி இங்கதான் வரும். இதுக்கு வீடு இதான்” என்றார். அவர் குரல் உடைந்திருந்தது.

பெரியவள் மூன்று பாட்டில்களையும் நிரப்பி மூடி, நாடா சுற்றி, நேரம் எழுதினாள். வலைக்காரர் சாட்சிக் கையெழுத்துப் போட்டார். அவளுக்கு உள்ளுக்குள் ஒரு வெறி. மாட்டினாயா, மாட்டினாயா என்று மனம் குதித்தது. அந்த வால்வைத் திறந்த கை தன் கொழுந்தனின் கை என்பதுகூட அப்போது ஞாபகம் வரவில்லை.

*

லேபில் கண்ணாடி போட்ட ஒரு பெண் பாட்டில்களை வாங்கிக்கொண்டாள். நாடாவைச் சரிபார்த்தாள். நேரத்தைச் சரிபார்த்தாள். “பரவாயில்லையே, எங்க ஆளுங்களே இவ்வளவு சுத்தமா எழுத மாட்டாங்க” என்றாள்.

பிறகு முதல் பாட்டிலில் குழலை விட்டு ஒரு சொட்டு எடுத்துக் காகிதத் துண்டில் வைத்தாள். முகம் மாறியது. இரண்டாவது, மூன்றாவது, நாலாவது.

“ஏங்க, நாங்க விட்டுக் குடுத்த ஆசிட் எங்க?”

“உள்ளதான் இருக்கும்.”

“இல்லையே. இது சிவக்கணும். சிவக்கவே இல்ல. பாட்டிலைக் கழுவினீங்களா?”

“ஐயோ, நான் கழுவல. நீங்கதான் அவ்வளவு தூரம் சொன்னீங்களே...”

சொல்லிக்கொண்டே வந்தவள் நிறுத்தினாள். மஞ்சள் விரல்கள்.

“ஆசிட் கையில பட்டா என்ன ஆகும்?”

“எரியும். அப்புறம் மஞ்சளாப் போயிடும், பத்து நாளைக்குப் போகாது. ஏன்? பாட்டில்ல ஸ்டிக்கர் ஒட்டியிருந்தோமே, கழுவக் கூடாதுன்னு?”

அந்த ஸ்டிக்கரை உரித்தவள் பெரியவளேதான். ஒன்று, இரண்டு, மூன்று, நாலு என்று தன் நம்பர் ஒட்ட இடம் வேண்டுமென்று நேற்று மாலை உரித்துக் குப்பையில் போட்டிருந்தாள்.

வெளியே வந்து ஆஸ்பத்திரிக்கு ஃபோன் போட்டாள்.

“என்னங்க, பாட்டிலைக் கழுவினீங்களா?”

“ஆமா!” என்றார் அவர், குரலில் ஒரு பெருமையோடு. “நாலையும் ரெண்டு தடவை. அடியில என்னமோ கசடு நின்னுச்சும்மா. லேப்காரங்க வேலையப் பாரு! தப்பா வந்துட்டா உன் உழைப்பெல்லாம் வீணாப் போயிடுமேன்னு நாலு மணிக்கே எழுந்து சுடுதண்ணி வெச்சு... ஏம்மா? ஹலோ?”

நாலு வாரக் கோபத்தை விட்டுவிட்டு அவர் அவளுக்காகச் செய்த முதல் காரியம் அது. அவர் கையில் இருக்கும் ஒரே வித்தையும் அதுதான்.

விஷயத்தைச் சொன்னாள். அந்தப் பக்கமிருந்து “மூணு மணிக்கு நான் வரேன்” என்று மட்டும் கேட்டது.

உள்ளே லேப் பெண் பரிதாபமாகப் பார்த்தாள். “தண்ணி வீணாகல. பயப்படாதீங்க. இப்ப நான் ஆசிட் விடறேன். ஆனா இருபத்திநாலு மணி நேரம் அப்படியே நிக்கணும். பாட்டில் சுவத்துல ஒட்டுன விஷம் திரும்பத் தண்ணில கரையணும். அதுக்கு முன்னாடி டெஸ்ட் போட்டா, இல்லாத மாதிரியே காட்டும். நாளைக்கு ஒன்பதரைக்குத்தான் மெஷின்ல வைப்பேன்.”

“விசாரணை இன்னிக்கு.”

“ஒரு நாள் வாய்தா கேட்டுப் பாருங்க. வேற வழி இல்ல.”

*

விசாரணைக் கூடத்தில் இடமே இல்லை. தொழிற்சாலை வேனில் ஆட்களைக் கொண்டு வந்து இறக்கியிருந்தது. ஷிஃப்ட் முடித்துத் தூக்கமில்லாமல் வந்தவர்கள், நீலச் சட்டையோடு வரிசை வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். ‘குழாய் வந்தால் வேலை வரும்’ என்று கையில் அட்டை. நாலாவது வரிசை ஓரத்தில் கொழுந்தன். அவன் கையிலும் ஓர் அட்டை இருந்தது. அண்ணியைப் பார்த்ததும் அதைக் குப்புறக் கவிழ்த்து மடியில் வைத்துக்கொண்டான்.

விசாரணை அதிகாரி நடுவயதுப் பெண். காலையிலிருந்து ஏழாவது ஃபைலோ எட்டாவது ஃபைலோ.

“லேப் ரிப்போர்ட்?”

“நாளைக்கு வந்துடும் மேடம். ஒரே ஒரு நாள் குடுங்க.”

“இதோட மூணாவது தடவை நாள் கேக்கறீங்க. நாளைக்கு வரும்னு என்ன நிச்சயம்?”

“தண்ணி லேப்ல இருக்கு மேடம். இன்னிக்கு விடியக்காலை அஞ்சே முக்காலுக்கு, குழாய்ல கழிவு விடும்போதே பிடிச்சது.”

தொழிற்சாலை மேனேஜர் மெதுவாக எழுந்தார். அதிர்ந்து பேசாத மனிதர். “மேடம், எங்க குழாய் எப்போ திறக்கும்னு எங்களுக்குத்தான் தெரியும். இவங்களுக்கு எப்படித் தெரிஞ்சுது? கட்டுக்கதை.”

அதிகாரி பேனாவை வைத்தாள். “கேள்வி நியாயம்தானே? யார் சொன்னாங்க உங்களுக்கு? ஆளைச் சொல்லுங்க, ஒரு நாள் தரேன்.”

நாலாவது வரிசையை மட்டும் பார்க்கக் கூடாது என்று பெரியவள் கழுத்தை இறுக்கிக்கொண்டாள். மூச்சுக்குத் தவித்த ஆமை கண்ணில் நின்றது. சின்னவள் பிடித்த கையும் இன்னும் கையில் இருந்தது.

“சொல்ல மாட்டேன் மேடம்.”

“அப்ப ஃபைலை முடிக்க வேண்டியதுதான்.”

“மேடம், ஒரு நிமிஷம்!”

பின்னாலிருந்து கணவர். ஆஸ்பத்திரிச் சட்டையைக்கூட மாற்றாமல் ஓடி வந்திருந்தார். கூட்டத்தில் நாலு வார்த்தை சேர்ந்தாற்போல் பேசி அறியாத மனிதர், மஞ்சள் விரல்களை விரித்துத் தூக்கிக் காட்டினார்.

“தப்பு என் மேல மேடம். பாட்டிலைக் கழுவினது நான்தான். அழுக்குன்னு நெனச்சேன். அது ஆசிட்டாம். என் தொழிலே கழுவறதுதான் மேடம். நான் கழுவாம இருந்திருந்தா இந்நேரம் பேப்பர் உங்க மேஜையில இருந்திருக்கும். என் புத்திக்கு அவங்களைத் தண்டிக்காதீங்க.”

“தாங்களே பாட்டிலைக் கழுவிட்டு, தாங்களே நாளும் கேக்கறாங்க மேடம்!” என்றார் மேனேஜர். நீலச் சட்டைகள் சிரித்தன. யாரோ, “அண்ணே, எங்க வீட்லயும் பாத்திரம் கெடக்கு, வர்றீங்களா?” என்று கத்தினான். கூடமே குலுங்கியது. அவர் கைகளை இறக்கவில்லை. சிரிப்பு ஓய்ந்தால் மீதியைச் சொல்லலாம் என்று காத்திருப்பவர் போல அப்படியே நின்றார். பெரியவளுக்குப் பூமி பிளக்காதா என்றிருந்தது.

நாலாவது வரிசையில் ஓர் அட்டை கீழே விழுந்தது.

“சிரிக்காதீங்கடா!”

கொழுந்தன் எழுந்து நின்றான். நீலச் சட்டைகளுக்கு நடுவில் அதே நீலச் சட்டை.

“அவர் என் அண்ணன். நேரத்தைச் சொன்னது நான்தான். சொன்னது மட்டுமில்ல மேடம், வால்வைத் திறந்ததும் நான்தான். மாசம் நாலு தடவை திறப்பேன். பகல்ல திறந்தா புத்தகத்துல எழுதுவோம். விடியக்காலையில திறக்கறதுக்கு எழுத்து கிடையாது. சூப்பர்வைசர் தோளைத் தட்டிட்டுப் போவார். அதான் உத்தரவு.”

‘தம்பி, உக்காரு’ என்று சொல்ல வாயெடுத்தாள் பெரியவள். நேரம் கடந்துவிட்டது. அதிகாரி எழுத ஆரம்பித்திருந்தாள். பின்வரிசையில் வலைக்காரர் கைதட்டினார். ஒருகணம், ஒரே ஒரு கணம், ஜெயித்துவிட்டோம் என்றுகூட அவளுக்குத் தோன்றியது.

மேனேஜர் மறுபடி எழுந்தார். முகத்தில் கோபமே இல்லை. வருத்தப்படுகிறவரைப் போல் இருந்தார்.

“மேடம், இதையும் எழுதிக்கோங்க. அந்த மாதிரி உத்தரவு எங்க கம்பெனி யாருக்கும் குடுத்ததில்ல. இந்த ஆபரேட்டர் தன் வாயாலயே சொல்லிட்டார், வால்வைத் திறந்தது நான்தான்னு. உத்தரவு இல்லாம, புத்தகத்துல எழுதாம, தன் அண்ணிக்கு ஒரு பாட்டில் தண்ணி வேணும்ங்கறதுக்காகத் திறந்திருக்கார். நாளைக்கு அந்தத் தண்ணில விஷம் இருக்குன்னு ரிப்போர்ட் வந்தா, ஆத்துல விஷம் கலந்தது இவர்தான். நாங்களே போலீஸ்ல புகார் குடுப்போம்.”

இப்போது யாரும் சிரிக்கவில்லை. கொழுந்தனுக்கு இரண்டு பக்கமும் இருந்த நீலச் சட்டைகள் கொஞ்சம் தள்ளி உட்கார்ந்தன.

“உத்தரவுக்கு ஆதாரம் ஏதாவது இருக்கா?” என்று அதிகாரி அவனைக் கேட்டாள்.

அவன் தன் தோளைத் தொட்டுப் பார்த்துக்கொண்டான்.

“நாளைக்குக் காலைல பதினோரு மணி. ரிப்போர்ட் வந்தா அதை வெச்சு முடிவு பண்றேன். வரலைன்னா இந்த ஆள் சொன்னதையும் குறிப்புல இருந்து எடுத்துட்டு, குழாய்க்கு அனுமதி எழுதிடுவேன்.”

*

மூன்று பேரும் வீட்டுக்கு நடந்தே வந்தார்கள். வழியில் கொழுந்தன் நீலச் சட்டையைக் கழற்றி மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு பனியனோடு நடந்தான். கணவர் தன் சட்டையைக் கழற்றி அவன் தோளில் போர்த்தப் போனார். அவன் வேண்டாமென்று தலையை ஆட்டினான்.

சின்னவள் வாசலிலேயே நின்றிருந்தாள். வேன் டிரைவர் முந்திக்கொண்டு சொல்லிவிட்டுப் போயிருந்தான். அழுது முடித்த முகம். புருஷனைப் பார்க்கவில்லை, பெரியவளைப் பார்த்தாள்.

“பேரை யாரும் கேக்க மாட்டாங்கன்னு சொன்னீங்களே அக்கா.”

பெரியவள் வாய் திறப்பதற்குள் அவள் பையில் ஃபோன் அடித்தது. லேப் பெண்.

“டெய்லரம்மா, கேள்விப்பட்டேன். மனசே சரியில்ல. அதான் கேக்கறேன், நீங்கதானே ஒப்படைச்சீங்க. மெஷின்ல வைக்கறதுக்கு முன்னாடி வேண்டாம்னு நீங்க ஒரு வார்த்தை சொன்னா நான் தண்ணியைக் கீழ ஊத்திடலாம். அதுக்கு எங்க விதியில இடமிருக்கு. வெச்சதுக்கப்புறம் யார் சொன்னாலும் நிறுத்த முடியாது. டெஸ்ட் போடவா, ஊத்தவா?”

ஸ்பீக்கர் போடாமலே நாலு பேருக்கும் கேட்டது. அவ்வளவு நிசப்தம்.

தண்ணீரில் விஷம் இருக்கிறது. அது பெரியவளுக்குத் தெரியும், மட்டிகள் வாய் பிளந்ததைப் பார்த்தவள் அவள். ரிப்போர்ட் வந்தால் ஆறு பிழைக்கலாம், கொழுந்தன் போவான். வராவிட்டால் கொழுந்தன் பிழைப்பான், நாணற்காட்டுக்குள் இரண்டாவது குழாய் இறங்கும். இரண்டு வருஷமாக எந்தக் காகிதத்துக்காக அவள் தவமிருந்தாளோ, அது வரக்கூடாதே என்று இப்போது அவள் வேண்டிக்கொண்டாள்.

“ஊத்திடச் சொல்லுங்க அக்கா” என்றாள் சின்னவள். கெஞ்சவில்லை.

“ஊத்தாதீங்க அண்ணி” என்றான் கொழுந்தன். “நான் திறந்தது நிஜம்தானே.”

பெரியவள் கணவரைத் தேடினாள். அவர் அங்கே இல்லை. சமையலறைக் குழாய் ஓடும் சத்தம் கேட்டது. கழுவி அடுக்கியிருந்த டம்ளர்களையெல்லாம் இறக்கிவைத்து, மறுபடி ஒவ்வொன்றாகக் கழுவிக்கொண்டிருந்தார். முதுகு மட்டும் குலுங்கியது.

“ஹலோ? லைன்ல இருக்கீங்களா?” என்றாள் லேப் பெண்.

“இருக்கேன்” என்றாள் பெரியவள்.

அதற்கு அடுத்த வார்த்தைக்காக மூன்று பேரும் காத்திருந்தார்கள். சமையலறையில் குழாயும் நின்றுவிட்டது.